சிரிக்கும் முகத்தோடு தொடங்கும் துயரப் புத்தகம்

குழந்தைகளின் அச்சத்தைப் போக்கிவிடும் என்று அட்டையிலேயே உறுதி கூறும் படப் புத்தகங்கள் இன்று கடைகளில் நிறையவே கிடைக்கின்றன. இருட்டுக்குப் பயப்படும் முயல், பள்ளிக்குப் போக மறுக்கும் கரடிக்குட்டி, பாட்டியை இழந்த யானை என ஒவ்வொரு சிக்கலுக்கும் ஒரு விலங்கு வந்து நிற்கும். கடைசித் தாளுக்குள் சிக்கல் தீர்ந்து எல்லோரும் சிரித்துவிடுவார்கள். மருந்துச் சீட்டைப் போல எழுதப்பட்ட இத்தகைய நூல்களைப் பிள்ளைகள் இரண்டாம் முறை கேட்டு வாங்கி நான் பார்த்ததில்லை. மைக்கேல் ரோசன் எழுதி, க்வென்டின் பிளேக் படம் வரைந்து, 2004இல் இங்கிலாந்தின் வாக்கர் புக்ஸ் வெளியிட்ட ‘மைக்கேல் ரோசன்ஸ் சேட் புக்’ (மைக்கேல் ரோசனின் துயரப் புத்தகம்) அந்த வரிசையில் சேராதது. அது எதையும் தீர்த்துவைப்பதாகச் சொல்லிக்கொள்வதில்லை. நான் இதைப் பரிந்துரைப்பதற்கு அதுவே முதல் காரணம்.

ரோசன் அடிப்படையில் வேடிக்கைக் கவிஞர். கரடி வேட்டைக்குப் போகும் குடும்பத்தைப் பற்றி 1989இல் அவர் எழுதிய படப் புத்தகத்தை ஆங்கிலம் படிக்கும் குழந்தைகளில் பெரும்பாலோர் அறிவார்கள். அவருடைய பழைய கவிதைகளில் வீட்டைத் தலைகீழாக்கும் ஒரு சுட்டிப் பயல் அடிக்கடி வருவான். அவன் அவருடைய சொந்த மகன் எடி. அந்த எடி 1999இல், தன் 18ஆம் வயதில், மூளைக்காய்ச்சலால் திடீரென்று இறந்துபோனான். கவிதைகளில் எடியைச் சந்தித்துச் சிரித்த சிறுவர்கள் ‘எடி இப்போது என்ன செய்கிறான்’ என்று கேட்கும்போது ஒரு தந்தை என்ன பதில் சொல்வார் என்பதற்குக் கிடைத்த விடையாகவே இந்தப் புத்தகத்தைப் படிக்கலாம்.

முதல் பக்கத்தில் ரோசனின் முகம் பக்கம் நிறையப் பல் தெரியச் சிரிக்கிறது. கீழே உள்ள வரிகளோ, தான் துயரத்தில் இருப்பதாகவும், துயரமான முகத்தைக் காட்டினால் யாருக்கும் தன்னைப் பிடிக்காமல் போய்விடுமோ என்று பயந்து மகிழ்ச்சியாக இருப்பதுபோல் நடிப்பதாகவும் சொல்கின்றன. படம் ஒன்றைக் காட்ட எழுத்து வேறொன்றைச் சொல்லும் இந்த உத்தியைக் குழந்தைகள் உடனே பிடித்துக்கொள்கிறார்கள். பக்கத்தைத் திருப்பவிடாமல் அந்த முகத்தையே உற்றுப் பார்க்கிறார்கள். சிறுவர் எழுத்தாளர் ரோல்ட் டால் கதைகளுக்கு வரைந்த அதே கிறுக்கல் கோடுதான் பிளேக்குக்கு இங்கும். ஆனால் வண்ணம் மட்டும் பக்கத்துக்குப் பக்கம் வடிந்து சாம்பல் நிறமாகி, நல்ல நினைவுகள் வரும் இடங்களில் மீண்டும் திரும்புகிறது. எடி குழந்தையிலிருந்து இளைஞனாக வளர்வதைக் கட்டம் கட்டமாக வரைந்து, கடைசிக் கட்டத்தை வெறுமையாக விட்டிருக்கிறார். அதற்கு விளக்கம் எதுவும் தரப்படவில்லை, தேவையும் இல்லை.

ஆயினும் இந்நூலின் உண்மையான துணிச்சல் துயரத்தைக் காட்டியதில் இல்லை; துயரத்தோடு ஒட்டிக்கொண்டு வரும் அசிங்கங்களையும் ஒளிக்காமல் காட்டியதில்தான் இருக்கிறது. தன்னை இப்படித் தவிக்கவிட்டுச் செத்துப்போக அவனுக்கு என்ன துணிச்சல் என்று தந்தை மகன்மீதே கோபப்படுகிறார். குளிக்கும்போது கத்துகிறார், கரண்டியால் மேசையைத் தட்டுகிறார், பூனையிடம் ஏதோ தகாத காரியமும் செய்கிறார். அது என்னவென்று நமக்குச் சொல்ல மறுத்துவிடுகிறார். செத்தவர்மீது கோபம் வருவது பாவம் என்று உள்ளுக்குள் புழுங்கும் பிள்ளைக்கு, பெரியவர் ஒருவரே தனக்கும் அப்படி வந்தது என்று ஒப்புக்கொள்வதைவிடப் பெரிய ஆறுதல் இருக்க முடியுமா? சில நேரம் யாரிடமாவது பேசத் தோன்றுகிறது என்றும், சில நேரம் இது தன்னுடையது, வேறு யாருக்கும் உரியதல்ல என்பதால் பேசவே பிடிக்கவில்லை என்றும் அவர் அடுத்தடுத்துச் சொல்வதை, ‘மனசில் இருப்பதைக் கொட்டிவிடு’ என்று பிள்ளைகளை வற்புறுத்தும் பெரியவர்கள் கட்டாயம் படிக்க வேண்டும்.

குறைகளும் உண்டு. இது ஒரு தந்தையின் துயரம். வாசிக்கும் குழந்தை பற்றிக்கொள்ள அதன் வயதில் ஒருவர் கதையின் நடுவில் இல்லை. துயரம் எங்கே இருக்கிறது, எப்போது வருகிறது என்று கவிதையாகப் போகும் பகுதி சிறுவர்களுக்குச் சற்று நீளம். ஏழு வயதுக்குக் கீழே உள்ளவர்களுக்கு இதை நான் கொடுக்கமாட்டேன். வீட்டில் சாவு நிகழ்ந்த அந்த வாரத்தில் எந்த வயதுப் பிள்ளைக்கும் தனியே படிக்கக் கொடுக்கமாட்டேன்.

இன்னும் சிறியவர்களுக்கு, வியப்பாக இருக்கலாம், மரணமே நேரில் வரும் புத்தகம்தான் பொருந்துகிறது. ஜெர்மானிய ஓவியர் வோல்ஃப் எர்ல்புரூக் 2007இல் ஜெர்மன் மொழியில் வெளியிட்டு, ஆங்கிலத்தில் ‘டக், டெத் அண்ட் த டியூலிப்’ (வாத்து, மரணம், துலிப் மலர்) என்று வந்த அந்நூலில், தன்னை யாரோ பின்தொடர்வதை ஒரு வாத்து கவனிக்கிறது. திரும்பிப் பார்த்தால் கட்டம்போட்ட நீண்ட அங்கியில் மண்டையோட்டு முகத்தோடு மரணம் நிற்கிறது. இருவரும் குளத்துக்குப் போகிறார்கள். ஈரத்தில் நடுங்கும் மரணத்தை வாத்து அணைத்துச் சூடேற்றுகிறது. செத்தபின் தேவதையாகி மேகத்தில் உட்காரலாம் என்கிறார்களே என்று வாத்து கேட்க, இறக்கைதான் ஏற்கெனவே இருக்கிறதே என்று மரணம் பதில் சொல்லும் இடத்தில் குழந்தைகள் சிரித்துவிடுகிறார்கள். மண்டையோட்டைப் பார்த்துத் திடுக்கிடுவதெல்லாம் பெற்றோர்தான். இறுதியில் வாத்து இறக்கிறது. மறுமையைப் பற்றி எந்த வாக்குறுதியும் இல்லை. சொர்க்கம், மறுபிறவி என்று நம்பிக்கையோடு வளர்க்கும் வீடுகளில் அதன்பின் ஒரு நல்ல உரையாடலுக்கு இடமுண்டு. அதற்குத் தயாராக இல்லாதவர்கள் வாங்க வேண்டாம்.

‘தாத்தா சாமிகிட்ட போயிட்டார்’ என்று ஒரே வரியில் முடித்துவிட்டுப் பிள்ளைகளை அடுத்த வீட்டுக்கு அனுப்பும் வழக்கம் நம்மிடையே இன்னும் இருப்பதால், இரண்டு நூல்களையும் முதலில் பெரியவர்கள் தனியே படித்துவிடுவது நல்லது. ஆங்கிலம் எளிமையானது, தமிழில் சொல்லிக்கொண்டே பக்கம் புரட்டினால் நான்காம் வகுப்புப் பிள்ளைக்கும் தடையிராது. ஒன்றை மட்டும் வாங்க இயலும் என்றால், எட்டு வயதைத் தாண்டிய பிள்ளை இருக்கும் வீட்டுக்கு ரோசனையே சொல்வேன். அதையும் கைபேசித் திரையில் பார்க்க வேண்டாம். அந்த வெறுங்கட்டத்தின் மதிப்பு அதற்கு முந்தைய கட்டங்களோடு சேர்த்துப் பார்க்கும்போதுதான் தெரியும். திரையில் பெரிதாக்கிப் பார்க்கும்போது ஒவ்வொரு கட்டமும் தனித்தனியாகிவிடுகிறது.