மேலே சவுக்கு, கீழே ஆற்றுமணல்: ஒரு தோட்டப் பந்தல் கடை

தஞ்சாவூர்–பட்டுக்கோட்டைச் சாலையில் தோட்டப் பந்தல், பெஞ்சு, வேலிப்படல் ஆகியவற்றைச் செய்து தரும் கடை ஒன்றில், கொல்லைக்கு ஒரு பீர்க்கம்பந்தலும் பெஞ்சும் சென்ற மாதம் வாங்கினேன். எந்தப் பொருள் எங்கிருந்து வருகிறது என்று ஒவ்வொன்றாகக் கேட்டே வாங்கினேன்.

பந்தல் கால்கள் அனைத்தும் சவுக்கு. கடலோர மணலில் பயிராகவே வளர்த்துச் சில ஆண்டுகளில் வெட்டப்படும் இதற்காகக் காடு அழிவதில்லை. வேர்முடிச்சுகளின் வழியே மண்ணில் தழைச்சத்தையும் சேர்க்கிறது. புதைக்கும் பகுதி விரைவில் உளுத்துப்போகும் என்பதைக் கடைக்காரர் மறைக்காமல் சொல்லி, அடிக்காலில் தார் பூசிக் கொடுத்தார். பெஞ்சு தென்னை. 2018 நவம்பர் 16 அன்று கரையைக் கடந்த கஜா புயலில் சாய்ந்த மரங்கள் கேட்பாரற்றுக் கிடந்தபோது தொடங்கிய தொழிலாம் இது. இப்போது காய்ப்பு ஓய்ந்த மரங்களை வாங்கி, உட்சோற்றை விலக்கி, வைரம் பாய்ந்த வெளிப்பகுதியை மட்டும் அறுக்கிறார்கள். பக்கத்தில் நின்ற ‘பர்மா தேக்கு’ எந்தக் காட்டில் வெட்டியது என்பதற்கு மட்டும் பதில் வரவில்லை.

என் மனத்தாங்கல் பெஞ்சுக்கு அடியில் போடும் தளத்தைப் பற்றியது. அவர்கள் அனுப்பிய கொத்தனார் அரை யூனிட் ஆற்றுமணலை இறக்கினார். மணலைக் கொண்டுசெல்ல அரசு தரும் அனுமதியான நடைச்சீட்டைக் கேட்டதற்கு, “எல்லாரும் இதைத்தான் போடுறாங்க சார்” என்றார். மணலை அள்ள அள்ள ஆற்றின் படுகை தாழ்ந்து, வாய்க்கால் தலைப்பு மேலே நின்றுவிடுவதால், ஆற்றில் தண்ணீர் ஓடினாலும் வயலுக்கு ஏறுவதில்லை. நீரைப் பிடித்துவைக்கும் மணல் போனபின் கரையோரக் கிணறுகளும் வற்றுகின்றன, கடலருகே உப்பும் உள்ளே புகுகிறது. 2018 ஆகஸ்டில் முக்கொம்பில் கொள்ளிடம் மேலணையின் மதகுகள் உடைந்தபோது, மணல் அள்ளியதையே விவசாயிகள் முதலில் குறை கூறினார்கள். எம்-சாண்ட் போடலாமே என்பார்கள். அதுவும் எங்கோ ஒரு கருங்கல் பாறையை உடைத்து, லாரியில் டீசல் எரித்து வருவதுதான். நான்கு பேர் உட்காரும் பெஞ்சுக்குக் கான்கிரீட் தளம் எதற்கு என்பதே என் கேள்வி.

மணலைத் திருப்பி அனுப்பிவிட்டு, இடித்த வீடொன்றின் செங்கல் சல்லியைச் சுண்ணாம்போடு திமிசு போட்டு இறுக்கினோம். ஒரு மழைக்குத் தாங்கியிருக்கிறது. மர வேலைக்காக இந்தக் கடையைத் தயங்காமல் பரிந்துரைப்பேன். தள வேலையை அவர்களிடம் விடவேண்டாம். திரும்பிப்போன மணலுக்கான வண்டிக்கூலி 600 ரூபாயைப் பில்லில் கழிக்க இன்றுவரை அவர்கள் ஒத்துக்கொள்ளவில்லை.