போன் போனாலும் விளையாட்டு மிஞ்சுமா? பேக்கப் வழிகள் – ஓர் ஒப்பீடு

கடந்த ஐப்பசியில், நீடாமங்கலத்துக்குப் பக்கத்தில் இருக்கும் என் அக்கா வீட்டில் ஒரே மாதத்தில் இரண்டு போன்கள் போயின. மகளுடையது கும்பகோணம் பஸ்ஸில் தொலைந்தது. மகனுடையது, தாளடி நடவைப் பார்க்கத் தாத்தாவோடு வயலுக்குப் போனபோது வாய்க்காலில் விழுந்தது. வெயிலே இல்லாத அடைமழை வாரம். காயவைத்தும் அது உயிர் பெறவில்லை.

மகள் ஆடுவது கிளாஷ் ஆஃப் கிளான்ஸ். புதுப் போனில் விளையாட்டை இறக்கி, மின்னஞ்சல் முகவரியைக் கொடுத்து, அதற்கு வந்த ஆறு இலக்க எண்ணை அடித்தாள். நான்கு ஆண்டுகளாகக் கட்டிய ஊர், மதில், படை எல்லாம் அப்படியே வந்து நின்றன. எட்டாம் வகுப்புப் படிக்கும் மகன் ஆடுவது, கட்டைகளை அடுக்கி எதையும் கட்டும் மைன்கிராஃப்ட். அதில் எட்டு மாதமாகத் தஞ்சைப் பெரிய கோயிலைக் கட்டிக்கொண்டிருந்தான். விளையாட்டில் ஒரு கட்டை ஒரு மீட்டர். 216 அடி விமானத்துக்கு 66 கட்டை என்று கணக்குப் போட்டு, ஒவ்வொரு நிலையாக எழுப்பி, நந்தி மண்டபம் வரை வந்திருந்தான். அவனும் தன் அக்காவைப் போலவே தன் கணக்கில் நுழைந்தான். காசு கொடுத்து வாங்கிய உடைகள் திரும்பின. கோயில் திரும்பவில்லை. “மாமா, கணக்கு இருக்கிறதே, கோயில் எங்கே போயிற்று?” என்று கேட்டான்.

அந்தக் கேள்விக்கு நேரான பதில்: கோயில் அவனுடைய கணக்கில் எப்போதுமே இருந்ததில்லை. அது போனுக்குள் இருந்தது. சில விளையாட்டுகள் நாம் ஆடி எட்டிய நிலையை நிறுவனத்தின் சர்வரில், அதாவது அவர்களுடைய கணினியில், வைக்கின்றன. சில, போனின் உள்சேமிப்பில் மட்டும் வைக்கின்றன. இரண்டிலும் கணக்கு கேட்பார்கள், இரண்டிலும் நம் பெயர் திரையில் தெரியும். வெளியிலிருந்து பார்த்து வித்தியாசம் சொல்ல முடியாது. ஆகவே எந்த வழி சிறந்தது என்று கேட்பதற்கு முன், பிள்ளை ஆடும் விளையாட்டு எந்த வகை என்று தெரிந்துகொள்ள வேண்டும். இணையத்தை அணைத்துவிட்டு ஆடிப் பாருங்கள். திறக்கவே மறுத்தால் பெரும்பாலும் நிலை சர்வரில் இருக்கிறது. தடையில்லாமல் ஓடினால், அது போனில் மட்டுமே இருக்கக்கூடும் என்று எடுத்துக்கொண்டு அதற்குரிய ஏற்பாட்டைச் செய்வது நல்லது.

விளையாட்டின் சொந்தக் கணக்கா, கூகுள் கணக்கா?

சர்வரில் நிலையை வைக்கும் விளையாட்டுகளுக்கு இரண்டு பூட்டுகள் உண்டு. ஒன்று, விளையாட்டு நிறுவனமே தரும் கணக்கு. கிளாஷ் ஆஃப் கிளான்ஸுக்கான சூப்பர்செல் ஐடி, கேண்டி கிரஷ்ஷுக்கான கிங் கணக்கு போன்றவை இந்த வகை. மற்றொன்று, ஆண்ட்ராய்டு விளையாட்டுகளுக்காக கூகுள் தரும் பிளே கேம்ஸ்.

என் ஓட்டு முதலாவதற்கு. பெரிய காரணம், அது போனின் இனத்தைப் பார்ப்பதில்லை. சூப்பர்செல் ஐடியில் இருக்கும் ஊர் ஆண்ட்ராய்டிலும் திறக்கும், ஐபோனிலும் திறக்கும். பிளே கேம்ஸில் சேமித்தது ஆண்ட்ராய்டு வட்டத்தைத் தாண்டி ஐபோனுக்குப் போகாது. அதோடு, பிளே கேம்ஸில் சேமிக்கும் வசதியை விளையாட்டைச் செய்தவர்கள் தனியாகச் சேர்த்திருக்க வேண்டும். உள்ளே நுழைந்ததும் வரவேற்பு வருகிறது என்பதால் நிலையும் சேமிக்கப்படுகிறது என்று பொருளில்லை. சாதனைப் பட்டியலையும் புள்ளிகளையும் மட்டும் காட்டுகிற விளையாட்டுகளும் இருக்கின்றன.

நம் பக்கத்தில் பிளே கேம்ஸுக்கு இன்னொரு சிக்கலும் உண்டு. டெல்டாவில் பல வீடுகளில் பிள்ளையின் கைக்கு வரும் போன், சிங்கப்பூரிலோ துபாயிலோ வேலை பார்க்கும் அப்பா அனுப்பியது. அதில் அப்பாவின் கூகுள் கணக்கு ஏற்கெனவே ஏறியிருக்கும். பிள்ளை கேட்காமலே விளையாட்டு அந்தக் கணக்கில் போய் உட்கார்ந்துவிடும். அக்கா வீட்டிலும் அதுதான் நடந்தது. மகன் ஆடிய ஒரு பந்தய விளையாட்டை மீட்கப் போனபோது, உறுதிப்படுத்தும் எண் சிங்கப்பூரில் இரவு ஷிப்டில் இருந்த அத்தானின் போனுக்குப் போனது. அவர் விழித்துப் பார்த்து எண்ணைச் சொல்லும்வரை இங்கே நாங்கள் காத்திருந்தோம். பிளே கேம்ஸ் அமைப்பில், எந்த விளையாட்டுக்கு எந்தக் கணக்கு என்று தனித்தனியாகத் தேர்ந்தெடுக்கலாம். போன் கைக்கு வந்த அன்றே அதைப் பார்த்துவிடுவது நல்லது.

சொந்தக் கணக்கின் பலவீனம் அதன் வேரில் இருக்கிறது. மின்னஞ்சல் திறக்காவிட்டால் ஆறு இலக்க எண்ணும் கிடைக்காது. அக்கா மகளுக்கு இரண்டு நாள் தாமதமானது இதனால்தான். மின்னஞ்சலுக்குள் நுழைய ஓடிபி தேவைப்பட்டது. ஓடிபி வரவேண்டிய சிம்மோ தொலைந்த போனில் இருந்தது. மாற்று சிம் வாங்கிய பிறகே வேலை நடந்தது. போன் எண்ணை மட்டும் நம்பித் தொடங்கிய பழைய கணக்குகள் இன்னும் ஆபத்தானவை. ரீசார்ஜ் செய்யாமல் விட்ட எண் ரத்தாகி வேறொருவருக்குப் போய்விடும். பிள்ளைகளின் கணக்கில் மீட்பு மின்னஞ்சலாக வீட்டுப் பெரியவர் ஒருவருடையதைச் சேர்த்துவையுங்கள்.

கணக்கே இல்லாமல் ஆடவிடும் ‘கெஸ்ட்’ பொத்தானை நான் ஒரு வழியாகவே எண்ணுவதில்லை. 2020 செப்டம்பர் 2 அன்று பப்ஜி மொபைல் இங்கே தடை செய்யப்பட்டது. 2021 ஜூலை 2 அன்று அதன் இந்தியப் பதிப்பாக பேட்டில்கிரவுண்ட்ஸ் மொபைல் இந்தியா வந்தபோது, சமூக வலைத்தளக் கணக்கோடு இணைத்து ஆடியவர்கள் பழைய உடைகளையும் நிலைகளையும் மாற்றிக்கொள்ள முடிந்தது. கெஸ்ட்டாக ஆடியவர்களுக்கு அந்தக் கதவு திறக்கவில்லை. ஃப்ரீ ஃபயர் மேக்ஸை இன்றும் கெஸ்ட்டாக ஆடும் பிள்ளைகள் நம் தெருக்களில் இருக்கிறார்கள். இணைப்பதற்கு ஒரு நிமிடம்கூட ஆகாது. இன்றே செய்யச் சொல்லுங்கள்.

‘தானாகவே பேக்கப் ஆகும்’ என்ற நம்பிக்கை

மூன்றாவது வழி, முழுப் போனையும் கூகுளிலோ, ஐபோனாக இருந்தால் ஐகிளவுடிலோ நகலெடுப்பது. பலரும் நம்பியிருப்பது இதைத்தான். அக்காவும் இதைத்தான் நம்பியிருந்தாள். டெல்டா கிராமங்களில் சத்தமில்லாமல் கைவிடுவதும் இதுதான். ஏன் என்று கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டும்.

ஆண்ட்ராய்டு 6 முதல், செயலிகளின் தரவு தானாக கூகுளுக்கு ஏறும் ஏற்பாடு இருக்கிறது. ஆனால் அது சில நிபந்தனைகளுக்குக் காத்திருக்கும். கடைசி நகலெடுத்து ஒரு நாளாவது ஆகியிருக்க வேண்டும். போன் யாருடைய கையிலும் இல்லாமல் சும்மா கிடக்க வேண்டும். எல்லாவற்றுக்கும் மேலாக, வைஃபை இருக்க வேண்டும். நகரத்துப் போன் இரவெல்லாம் வைஃபையில் சார்ஜ் ஏறிக்கொண்டு கிடக்கிறது. அங்கே இது நடக்கும். நீடாமங்கலம், வலங்கைமான், திருத்துறைப்பூண்டிப் பக்கத்து ஊர்களில் எத்தனை வீடுகளில் வைஃபை இருக்கிறது? நாளுக்கு 1.5 ஜி.பி., 2 ஜி.பி. என்று வரும் மொபைல் டேட்டாவில்தான் எல்லாமே ஓடுகிறது. அத்தானின் கூகுள் கணக்கைத் திறந்து பார்த்தேன். மகனுடைய போனின் கடைசி நகல், மாதங்களுக்கு முன்னால் அவர்கள் எங்கள் வீட்டுக்கு வந்து தங்கிய நாளில் எடுக்கப்பட்டிருந்தது. எங்கள் வீட்டில் வைஃபை உண்டு. அதற்குப் பிறகு அந்தப் போன் ஒவ்வோர் இரவும் வைஃபைக்காகக் காத்திருந்து ஏமாந்திருக்கிறது.

இதற்கு மாற்று இருக்கிறது. பேக்கப் அமைப்புக்குள் மொபைல் டேட்டாவிலும் நகலெடுக்க அனுமதிக்கும் ஒரு தேர்வு உண்டு, அதை இயக்கிவிடலாம். பக்கத்துப் போனின் ஹாட்ஸ்பாட்டில் இணைப்பதாக இருந்தால், அந்த இணைப்பின் விவரத்தில் ‘அளவிடப்படாதது’ என்று மாற்ற வேண்டும். இல்லையென்றால் போன் அதைக் காசு பிடிக்கும் இணைப்பாகக் கருதி ஒதுங்கிக்கொள்ளும். பிறகு ‘இப்போதே பேக்கப் எடு’ என்பதை அழுத்தி, தேதி மாறியதா என்று பார்க்க வேண்டும்.

இவ்வளவு செய்தாலும் மைன்கிராஃப்ட் கோயிலுக்கு இது சரியான இடமல்ல. ஒரு செயலிக்கு 25 எம்.பி. வரைதான் இந்த ஏற்பாட்டில் இடம். எட்டு மாதம் வளர்ந்த ‘உலகம்’ (கோயிலைக் கட்டிய இடத்துக்கு விளையாட்டில் அதுதான் பெயர்) அதற்குள் அடங்கும் என்று நம்பக் கூடாது. விளையாட்டைச் செய்தவர் விரும்பினால் தன் செயலியை இந்த நகலிலிருந்து முழுவதுமாக விலக்கியும் வைக்கலாம்.

இன்னொரு விவரம், பத்தாம் வகுப்புப் பிள்ளைகள் இருக்கும் வீடுகளுக்கு. பொதுத்தேர்வுக்காகத் தை மாதம் போனை அணைத்து பீரோவில் வைத்துவிட்டு, தேர்வு முடிந்து எடுப்பது வழக்கம். ஒரு போனை 57 நாட்கள் பயன்படுத்தாமல் இருந்தால், கூகுளில் இருக்கும் அதன் செயலித் தரவு நகல் அழிக்கப்படும். பீரோவிலிருந்து எடுக்கும் போன் பேட்டரி உப்பி, இயங்க மறுத்தால் இரண்டு பக்கமும் போயிற்று. மாதம் ஒருமுறை எடுத்து, இணையத்தில் இணைத்து, சற்று நேரம் சார்ஜில் வைத்தால் போதும்.

மீட்பதிலும் ஓர் இடறல் உண்டு. இந்த நகலைப் பெற வேண்டிய நேரம், புதுப் போனை முதன்முதலாக இயக்கும்போது வரும் கேள்விதான். கடையிலேயே அவசரமாகத் ‘தவிர்’ என்று அழுத்தி அமைத்துக் கொடுத்துவிடுவதைப் பார்த்திருக்கிறேன். வீட்டுக்குக் கொண்டுவந்து நீங்களே அமையுங்கள். புதிய ஆண்ட்ராய்டு பதிப்பில் எடுத்த நகல் பழைய பதிப்புப் போனில் இறங்காது என்பதும் நினைவில் இருக்கட்டும். பிள்ளையின் போன் உடைந்து, அம்மாவின் பழைய போனைக் கொடுக்கும் வீடுகளில் இது மோதும்.

ஐகிளவுடிலும் வைஃபை, மின்சாரம், பூட்டிய திரை என்று ஏறக்குறைய அதே நிபந்தனைகள்தான். இலவச இடம் 5 ஜி.பி.; அது பெரும்பாலும் படங்களுக்கே போதாது. ஒரே ஒரு விளையாட்டை மட்டும் அந்த நகலிலிருந்து எடுக்க முடியாது. போனை முழுவதும் அழித்துவிட்டுத்தான் பழைய நகலை இறக்க வேண்டும். ஒரு விளையாட்டுக்காக யாரும் அதைச் செய்யப்போவதில்லை.

பழைய போன் உயிரோடு இருந்தால் கேபிள் வழியே மாற்றுவதுதான் மிக நல்லது; வைஃபையும் வேண்டாம், டேட்டாவும் வேண்டாம். சாம்சங்கில் ஸ்மார்ட் ஸ்விட்ச், விவோவில் ஈசிஷேர், ஒப்போவில் குளோன் போன் என்று ஒவ்வொரு நிறுவனத்துக்கும் ஒரு செயலி இருக்கிறது. ஒரே நிறுவனத்தின் இரண்டு போன்களுக்கு இடையே செயலித் தரவும் சேர்ந்து போக வாய்ப்பு அதிகம். நிறுவனம் மாறினால் படமும் தொடர்பு எண்களும் மட்டுமே போவதுண்டு. புதுப் போனில் ஒவ்வொரு விளையாட்டையும் திறந்து நிலையைக் கண்ணால் பார்க்கும்வரை பழையதை அழிக்கவோ விற்கவோ வேண்டாம்.

கையால் எடுக்கும் நகல்

இங்கே சொல்லும் வழிகளில், கோயிலைக் காப்பாற்றியிருக்கக்கூடியது இந்த ஒன்றுதான். மைன்கிராஃப்டில் உலகின் பெயருக்குப் பக்கத்தில் இருக்கும் பென்சில் குறியைத் தொட்டுக் கீழே போனால், உலகை ஏற்றுமதி செய்யும் பொத்தான் இருக்கிறது. அதை அழுத்தினால் முழு உலகமும் ஒரே கோப்பாகும். அந்தக் கோப்பை வேறொரு போனில் மைன்கிராஃப்ட் வழியே திறந்தால் உலகம் அங்கே எழுந்து நிற்கும். பிள்ளையே செய்துகொள்ளலாம். ஆனால் நினைவு வைத்துச் செய்ய வேண்டும். போனுக்குள்ளேயே சேமித்துவிட்டு இருக்கக் கூடாது. கோப்பு வாய்க்காலுக்கு வெளியே இருக்க வேண்டும்: கூகுள் டிரைவில், அல்லது அம்மாவின் வாட்ஸ்அப்புக்கு ஆவணமாக.

ஃபைல் மேனேஜரில் போய் விளையாட்டின் கோப்புறையை நகலெடுக்கச் சொல்லும் பழைய யோசனைகள் இன்னும் சுற்றுகின்றன. ஆண்ட்ராய்டு 11 முதல் அந்தக் கோப்புறைகள் மற்றச் செயலிகளுக்குப் பூட்டப்பட்டிருக்கின்றன. நிலை பெரும்பாலும் அதற்கும் உள்ளே, நம் கை எட்டாத சேமிப்பில் இருக்கிறது. அதற்காகப் போனின் பாதுகாப்பை உடைக்கும் ரூட் வேலையில் இறங்காதீர்கள். ‘நிலையை மீட்டுத் தருகிறேன்’ என்று கடவுச்சொல் கேட்பவரிடம் எதையும் கொடுக்காதீர்கள்.

எந்த வழியில் போனாலும் இரண்டு இடங்களில் விரல் தயங்க வேண்டும். இடம் நிரம்பிவிட்டது என்று போன் சொல்லும்போது, தற்காலிகக் கோப்புகளான கேச்சை அழித்தால் விளையாட்டுக்கு ஒன்றும் ஆகாது. டேட்டாவை அழித்தால், போனில் மட்டும் இருக்கும் நிலை போய்விடும். இரண்டு பொத்தான்களும் பக்கத்தில் பக்கத்தில் இருக்கின்றன. ஐபோனில் செயலியை ‘ஆஃப்லோடு’ செய்தால் தரவு மிஞ்சும், நீக்கினால் மிஞ்சாது. அடுத்தது, சிக்னல் இல்லாமல் ஆடிவிட்டு மறுபடி இணையும்போது, ‘போனில் உள்ளதா, சர்வரில் உள்ளதா’ என்று சில விளையாட்டுகள் கேட்கும். அவசரத்தில் முதல் பொத்தானை அழுத்தினால் பழைய நிலை புதியதன்மேல் எழுதப்படலாம். போனில் உள்ளது, சர்வரில் உள்ளது இரண்டிலும் நிலை எண்ணையும் தேதியையும் பார்த்துவிட்டுத் தொடுங்கள்.

அக்கா வீட்டில் இப்போது கிளாஷ் ஆஃப் கிளான்ஸும் கேண்டி கிரஷ்ஷும் சொந்தக் கணக்குகளில் இருக்கின்றன. மீட்பு மின்னஞ்சல் என்னுடையது. கூகுள் பேக்கப்புக்கு மொபைல் டேட்டா திறந்துவிடப்பட்டிருக்கிறது, இரண்டாம் காவலாக. மகன் கோயிலை அடித்தளத்திலிருந்து மறுபடி தொடங்கிவிட்டான். முதல்முறை நந்தி மண்டபத்தின் திசையைத் தவறாக வைத்திருந்தானாம். இந்த முறை சரியாக வைத்திருக்கிறான். விமானம் 31 கட்டை வரை எழும்பியிருக்கிறது. ஞாயிற்றுக்கிழமை காலையில் என் வாட்ஸ்அப்பில் அவனிடமிருந்து ஒரு கோப்பு வந்து விழுகிறது. அதை என் போனில் திறந்து, உள்ளே நடந்து பார்த்துவிட்டு, “வந்துவிட்டது” என்று பதில் அனுப்புகிறேன்.