குட்டை நகத்துக்கு நீளத் தோற்றம்: எந்த வழி கை கொடுக்கும்?

நகம் வளர்க்கும் ஆசை எல்லோருக்கும் இருக்கலாம். அதற்கான வாய்ப்பு எல்லோருக்கும் இல்லை. தினமும் மாவு பிசைபவர், கைக்குழந்தையைக் குளிப்பாட்டுபவர், மிருதங்கம் வாசிப்பவர், மருத்துவமனையில் ஊசி போடுபவர் என நகத்தை ஒட்ட வெட்டியே ஆக வேண்டியவர்கள் நம்மிடையே ஏராளம். அழகு நிலையத்தில் கேட்டால், "எக்ஸ்டென்ஷன் வைத்துக்கொள்ளுங்கள் மேடம்" என்பதுதான் பெரும்பாலும் முதல் பதிலாக வருகிறது. இயற்கை நகத்தின் மேல் செயற்கையாக நீளம் சேர்க்கும் அந்த வழியில் எனக்குக் கொஞ்சமும் உடன்பாடில்லை. இருக்கிற நகத்தையே நீளமாகக் காட்டும் வழிகள் பல உண்டு. அவற்றில் எது எவருக்குப் பொருந்தும் என்று ஒன்றோடு ஒன்று வைத்துப் பார்க்கலாம்.

முதலில் ஓர் அடிப்படை. நகத்தின் நீளம் என்றதும் விரலைத் தாண்டி நிற்கும் வெள்ளை நுனிதான் நினைவுக்கு வருகிறது. கண்ணோ முழு நகத்தையும் சேர்த்தே அளக்கிறது: அடியில் உள்ள பிறை, நடுவில் இளஞ்சிவப்பான தளம், நுனி, அதோடு இரண்டு பக்க ஓரங்கள். அகலம் குறைந்தாலும் நகம் நீண்டுவிட்டதாகத்தான் தோன்றும். கைநகம் மாதத்துக்கு ஏறத்தாழ 3 மி.மீ. வளர்கிறது, ஒரு முழு நகம் புதிதாக வந்து சேர ஆறு மாதம் ஆகும். அந்த வேகத்தை நம்மால் பெரிதாகக் கூட்ட முடியாது. அகலத்தைக் குறைத்துக் காட்டுவதும், இளஞ்சிவப்புத் தளத்தைக் கூடுதலாகத் தெரிய வைப்பதும் நம் கையில் இருக்கின்றன.

சதுரமா, முட்டை வடிவமா

நகவெட்டியால் நேர்க்கோட்டில் ஒரே அழுத்தாக வெட்டிவிட்டு எழுந்துவிடுவது நம் வழக்கம். அதனால் நுனி சதுரமாகிறது. விரல் மெலிந்து நீண்டிருப்பவர்களுக்குச் சதுர நுனி எடுப்பாகவே இருக்கும். விரல் பருத்து, நகம் அகன்றிருந்தால் அதே சதுரம் நகத்தை இன்னும் அகலமாகக் காட்டிவிடும். அப்படிப்பட்ட கைகளுக்கு முட்டை வடிவம்தான் பொருத்தம். பக்கங்கள் நேராக வந்து, நுனியில் மட்டும் மெல்ல வளைய வேண்டும். விரல் நுனியின் வளைவை ஒட்டியே நகத்தின் வளைவும் போனால், இரண்டும் ஒரே கோடாகத் தெரிந்து விரலே நீண்டதுபோல் இருக்கும்.

இதற்கு ஒரு மி.மீ. வெள்ளை நுனி இருந்தாலே போதும். பாதாம் வடிவம் இப்போது பலரையும் கவர்கிறது, ஆனால் அதற்கு உண்மையிலேயே நீளம் வேண்டும். குட்டை நகத்தில் அதை முயன்றால் பக்கங்களை ஆழமாக அராவ வேண்டியிருக்கும். நகம் வலுவிழந்து ஓரத்தில் கிழியும். குளித்தவுடன் அராவாதீர்கள். நீரில் ஊறிய நகம் இளகியிருப்பதால் அடுக்கடுக்காக உரிந்துவிடும். நன்றாக உலர்ந்த பிறகு, நுண்ணிய மணல் பூச்சுள்ள அரத்தால் ஓரத்திலிருந்து நடுவை நோக்கி ஒரே திசையில் தேய்ப்பது நல்லது.

அடித்தோல்: வெட்டுவதா, தள்ளுவதா

நகத்தின் அடியில் ஏறிக்கிடக்கும் மெல்லிய தோல் இளஞ்சிவப்புத் தளத்தின் ஒரு பகுதியை மூடிவிடுகிறது. அதை விலக்கினால் நகம் உடனே நீண்டு தெரியும். பைசா செலவில்லாமல் கிடைக்கும் நீளம் இது. பார்லர்களில் சிறு கத்தரியால் அதை வெட்டியெடுக்கிறார்கள். அன்றைக்குப் பளிச்சென்று இருக்கும். ஆனால் நகம் உருவாகும் வேருக்குள் நீரும் கிருமியும் புகாமல் தடுக்கும் காவல் அந்தத் தோல்தான். வெட்டிய இடத்தில் நகச்சுற்று வந்தால், வீங்கிச் சிவந்த விரலில் அழகை எங்கே தேடுவது? தோல் மருத்துவர்கள் வெட்ட வேண்டாம் என்று சொல்வதும் இதனால்தான்.

தள்ளுவதே சரியான வழி. இரவில் அடித்தோலில் ஒரு சொட்டுத் தேங்காய் எண்ணெயைத் தடவி ஊற விடுங்கள். மறுநாள் குளித்து முடித்ததும், ஈரத் துண்டின் முனையை விரலில் சுற்றி, நகத்தின் மேலிருந்து அடியை நோக்கி மென்மையாக ஒதுக்குங்கள். வலித்தால் அழுத்தம் அதிகம் என்று அர்த்தம். இரண்டு மூன்று வாரம் செய்தால் பிறை வெளியே தெரியத் தொடங்கும், குறிப்பாகக் கட்டைவிரலில்.

இதற்கு நேர்மாறான ஒரு பழக்கம் நம்மிடம் வேரூன்றியிருக்கிறது: அழுக்கு எடுக்கிறேன் என்று ஊக்கின் முனையால் நகக்கண்ணைக் குடைவது. குடையக் குடைய நகம் தளத்திலிருந்து பிரிந்து மேலெழும்பும். இளஞ்சிவப்புப் பகுதி சுருங்கி வெள்ளை கீழே இறங்கும். நகம் நீளமாக இருந்தாலும் குட்டையாகத் தெரிவதற்கு இது ஒரு பெரிய காரணம். சோப்பும் மென்மையான பழைய பல்துலக்கியும் அந்த அழுக்குக்குப் போதும். நகம் கடிப்பவர்களுக்கும் இதே சுருக்கம்தான் நேர்கிறது. கடிப்பதை நிறுத்திச் சில மாதம் பொறுத்தால் தளம் பெரும்பாலும் மீண்டுவிடும்.

நிறத்தில் போட்டி

கடைகளில் மேனி நிறம் என்று விற்கப்படும் நகப்பூச்சுகளில் பல வெளிறிய தோலை மனத்தில் வைத்துச் செய்யப்பட்டவை. நம்முடைய மாநிறத்திலும் கருநிறத்திலும் அவற்றைப் பூசினால் விரல் நுனியில் சுண்ணாம்பு தடவியதுபோல் துண்டாக நிற்கும். விரல் ஓர் இடத்தில் முடிந்து நகம் வேறோர் இடத்தில் தொடங்குவதாகத் தோன்றும். நீளம் அங்கேயே வெட்டுப்படுகிறது. மேனி நிறம் என்றால் அது உங்கள் மேனியின் நிறமாக இருக்க வேண்டும். மாநிறத்துக்குத் தேன் நிறமும் பழுப்பு கலந்த ரோஜாவும் இழையும். கருநிறத்துக்குக் கருப்பட்டிப் பழுப்பும் கோகோவும் அவ்வளவு அழகாகச் சேரும். கடையில் வாங்கும்போது புட்டியை உள்ளங்கையில் வைத்துப் பார்க்காமல், விரலின் மேற்புறத் தோலோடு ஒட்டிப் பிடித்துப் பாருங்கள். வித்தியாசம் எவ்வளவு குறைகிறதோ, விரல் அவ்வளவு நீளும்.

குட்டை நகத்துக்கு அடர்நிறம் ஆகாது என்று பலரும் சொல்வதை நான் ஏற்கவில்லை. நாவற்பழ நிறமோ அடர்சிவப்போ ஓரம் முழுக்க வழியப் பூசினால்தான் நகம் அகன்ற பொட்டாகத் தெரிகிறது. பூசும் முறையை மாற்றிப் பாருங்கள். தூரிகையை நகத்தின் நடுவில், அடித்தோலுக்குச் சற்று மேலே வைத்து, மெல்லப் பின்னே அழுத்தி, அங்கிருந்து நுனிவரை ஒரே இழுப்பு. பிறகு இடது பக்கம் ஒன்று, வலது பக்கம் ஒன்று. மூன்று இழுப்போடு நிறுத்திவிட வேண்டும். பக்க ஓரங்களில் மயிரிழை அளவு இடம் வெறுமையாக இருக்கட்டும். சற்றுத் தள்ளி நின்று பார்ப்பவருக்கு அந்த வெறும் ஓரம் விரல் தோலின் நிழலாகக் கலந்துவிடும். நிறம் ஏறிய குறுகிய பட்டை மட்டுமே நகமாகத் தெரியும். நுனியின் விளிம்பையும் தூரிகையால் ஒரு தடவை தொட்டுவிட்டால் பூச்சு சீக்கிரம் உதிராது.

பிரெஞ்ச் மெனிக்யூர் என்ற வெள்ளை நுனிப் பூச்சுக்கு வருவோம். பெயரில்தான் பிரெஞ்ச், 1970களில் அமெரிக்காவில் ஓர்லி நிறுவனத்தின் ஜெஃப் பிங்க், எந்த உடைக்கும் பொருந்தும் நகமாக ஹாலிவுட் நடிகையருக்காக அதைப் பரப்பினார். நீண்ட நகத்தில் அதன் அழகே தனி. குட்டை நகத்தில் தடித்த வெள்ளைப் பட்டை இளஞ்சிவப்புத் தளத்தில் கால்பங்கை விழுங்கிவிடும். பென்சில் கோட்டின் தடிமனுக்கு மேல் போகாத வெள்ளை என்றால் சரி, இல்லையென்றால் விட்டுவிடுங்கள். மினுமினுப்புத் தூளும் குறுக்குக் கோடுகளும் வேண்டவே வேண்டாம். நடுவே நெடுக்காக ஓடும் ஒரு மெல்லிய கோடு நீளத்துக்கு உதவும், அன்றாடத்துக்குத்தான் அது கொஞ்சம் அதிகம்.

ஒட்டு நகம், ஜெல், அக்ரிலிக்

ஒருநாள் கல்யாணத்துக்கோ வரவேற்புக்கோ என்றால் ஒட்டு நகத்தில் தவறில்லை. வாங்கும்போது உங்கள் நகத்தின் அகலத்துக்குச் சரியாக வருகிறதா என்று ஒவ்வொரு விரலிலும் வைத்துப் பாருங்கள். ஒரு நூல் அகலமானாலும் அது பொய் நகம் என்று காட்டிக்கொடுத்துவிடும். பசையைவிட ஒட்டுத்தாள் வகை நல்லது. வெந்நீரில் ஊறவைத்து எளிதாகக் கழற்றலாம். எதுவானாலும் பிய்த்து எடுக்காதீர்கள், அதோடு உங்கள் நகத்தின் மேலடுக்கும் வந்துவிடும்.

ஜெல் பூச்சு இரண்டு வாரம் பளபளப்பாக நிற்கும். நீளத்தை அது கூட்டுவதில்லை. நகம் முறியாமல் தாங்குவதால் கொஞ்சம் வளர அவகாசம் தருகிறது. அதன் குறை ஒவ்வாமை. ஜெல்லில் உள்ள அக்ரிலேட் வகை வேதிப்பொருள்கள் உறையும் முன் தோலில் பட்டால் சிலருக்கு அரிப்பும் கொப்புளமும் உண்டாகின்றன. ஒருமுறை வந்த ஒவ்வாமை நீங்காமலே தங்கிவிடலாம். ஹெச்.இ.எம்.ஏ. என்ற பொருள் கலந்த நகப்பூச்சுகளைத் தொழில்முறை நிபுணர்கள் மட்டுமே பயன்படுத்தலாம் என்று ஐரோப்பிய ஒன்றியம் விதி வைத்திருக்கிறது. டி.பி.ஓ. என்ற மற்றொரு பொருளை 2025 செப்டம்பர் முதல் நகப்பூச்சுகளிலிருந்து தடையே செய்துவிட்டது. ஜெல்லை உறைய வைக்கும் விளக்கை வீட்டில் வாங்கிவைத்துத் தாமே பூசிக்கொள்ளும் இளம்பெண்களுக்கு இதை அழுத்திச் சொல்ல விரும்புகிறேன். பூச்சு தோலில் வழிந்தால், விளக்கில் காட்டும் முன்பே துடைத்துவிடுங்கள்.

அக்ரிலிக் எக்ஸ்டென்ஷன் உண்மையிலேயே நீளம் தரும். அதைப் பொருத்த இயற்கை நகத்தின் மேற்பரப்பைச் சுரண்ட வேண்டும், இரண்டு மூன்று வாரத்துக்கு ஒருமுறை அடியில் நிரப்ப வேண்டும், கழற்ற அசிட்டோனில் நெடுநேரம் ஊற வேண்டும். மெத்தில் மெத்தாக்ரிலேட் என்ற மலிவான திரவம் கலந்த நகப் பொருள்கள் மீது அமெரிக்காவின் உணவு மருந்து நிர்வாகம் 1970களிலேயே நடவடிக்கை எடுத்தது. மூக்கைத் துளைக்கும் நெடியும், அசிட்டோனில் ஊறினாலும் அசையாத கடினமும் அதன் அடையாளங்கள். அப்படி ஒரு நாற்றம் வந்தால் நாற்காலியை விட்டு எழுந்துவிடுங்கள்.

என் அக்கா மகள் செவிலியர். "எங்களுக்கு ஒட்டு நகமே கூடாது சித்தி" என்பாள். உலக சுகாதார நிறுவனத்தின் 2009 கைத்தூய்மை வழிகாட்டுதலும் அதையே சொல்கிறது: நோயாளிகளைத் தொடுபவர்களுக்குச் செயற்கை நகம் கூடாது, இயற்கை நகத்தின் நுனியும் அரை செ.மீ.க்குள் இருக்க வேண்டும். அவளுடைய நகங்கள் நிறமே இல்லாமல் முட்டை வடிவில், ஒதுக்கிய அடித்தோலோடு இருக்கின்றன. எங்கள் குடும்பத்தில் அவள் கைதான் அழகு.

மருதாணி: நம்முடைய பழைய வழி

அழகுக் குறிப்புகள் மருதாணியை இந்தப் பட்டியலில் சேர்ப்பதே இல்லை. எனக்கு அது பெரிய குறையாகப் படுகிறது. விரல் நுனிகளில் தொப்பி வைப்போமே, அந்த முறை செய்வதைக் கவனியுங்கள். நகமும் அதைச் சுற்றியுள்ள தோலும் ஒரே சிவப்பாகின்றன. நகம் எங்கே முடிகிறது என்று கண்ணுக்குப் புலப்படாது. முதல் கணுவரை நீண்ட ஒரே சிவப்பு நுனியாக விரல் தெரிகிறது. பரதநாட்டியக் கலைஞர்கள் விரல் நுனிகளைச் சிவப்பாக்குவதும் இந்தப் பலனுக்காகத்தான்: கடைசி வரிசையில் இருப்பவருக்கும் முத்திரை தெளிவாகத் தெரிய வேண்டும். அங்கே நகத்தின் நீளம் ஒரு பொருட்டே இல்லை.

நகப்பூச்சு நகத்தின் மேல் படலமாக உட்கார்கிறது. மருதாணியில் உள்ள லாசோன் என்ற நிறமி நகத்தின் கெரட்டினோடு பிணைந்துவிடுகிறது. அதனால் உதிர்வதும் உரிவதும் இல்லை. தண்ணீர் நகத்தைத் தொடுவதை அது தடுப்பதில்லை என்பதால், தொழுகைக்கு முன் ஒளுச் செய்யும் முஸ்லிம் பெண்களுக்கும் ஏற்றது. இலையை அரைத்து வைத்தால் போதும். உடனே கறுப்பாகும் என்று விற்கப்படும் கூம்புகளைத் தொடாதீர்கள், அவற்றில் பி.பி.டி. என்ற முடிச்சாயப் பொருள் கலந்திருக்கலாம், தோல் வெந்துபோகும்.

பாலிஷோடு ஒப்பிட்டால் மருதாணிக்கு ஒரே ஒரு பலவீனம் உண்டு. தோலில் நிறம் இரண்டு வாரத்தில் மங்கிவிடும், நகத்திலோ அது வளர்ந்து வெட்டப்படும் வரை நிற்கும். ஒரு மாதம் கழிந்தால் அடியில் 3 மி.மீ. நிறமற்ற பட்டை தோன்றி, சிவப்பு நுனிப்பக்கம் ஒதுங்கும். நகம் பாதியாக வெட்டுப்பட்டுக் குட்டையாகிவிடும். அந்தப் பட்டை தெரியத் தொடங்கியதும், தீக்குச்சி முனையால் அடிப்பகுதியில் மட்டும் கொஞ்சம் விழுதை வைத்து ஓர் இரவு விடுங்கள். நிறம் மறுபடி ஒரே சீராகும். அதற்கும் நேரமில்லாத வாரங்களில் மருதாணியின் மேலேயே செங்கல் நிறத்தில் ஒரு மெல்லிய பூச்சு கொடுத்தால் கோடு மறைந்துவிடும்.