ஆட்டோ டிரிம்மர் சிங்கிள் நீடில் மெஷின்: மிச்சமாகும் நேரம் யாருக்கு?

திருப்பூர் பனியன் கம்பெனிகளில் லேபிள், பட்டி, ஷோல்டர் டேப் வேலைகளுக்கு கிளட்ச் மோட்டார் மெஷின் போய், நூலைத் தானே வெட்டும் டைரக்ட் டிரைவ் மெஷின் (பெல்ட் இல்லாமல் சர்வோ மோட்டாரை நேராகப் பொருத்தியது) வந்துகொண்டிருக்கிறது. ஜூகி, பிரதர், ஜாக் எதை எடுத்தாலும் அடிப்படை ஒன்றுதான். மெஷினாக மட்டும் பார்த்தால் தாராளமாக வாங்கலாம். கிளட்ச் மோட்டார் தைக்காத நேரத்திலும் ஓடிக் கரண்டைத் தின்னும். சர்வோ மோட்டார் பெடலை மிதித்தால்தான் ஓடும். சத்தமும் அதிர்வும் நன்றாகவே குறைவு.

குதிகாலால் பெடலைப் பின்னால் அழுத்தினால், ஊசித் தட்டுக்கு அடியில் கத்தி நகர்ந்து மேல்நூல், கீழ்நூல் இரண்டையும் வெட்டும். தொல்லையும் இங்கேதான். வெட்டியபின் ஊசியில் நூல் குட்டையாக நின்றால், அடுத்த பீஸின் முதல் தையலிலேயே உருவிக்கொள்ளும். உடனே மெயின் டென்ஷனில் (மேல்நூலின் இறுக்கத்தை மாற்றும் திருகு) கை வைக்காதீர்கள், தையல் கெட்டுவிடும். அதற்கு மேலே இருக்கும் சின்ன டென்ஷனைக் கொஞ்சம் தளர்த்தினால் போதும். அதிகம் தளர்த்தினால் நூல் நீளமாக நின்று, மறுபடி பிசிர் வெட்ட ஆள் வேண்டும். பனியன் துணியின் பஞ்சு கத்தியில் அடைத்தால் நூல் அறுபடாமல் இழுக்கும். தினமும் தட்டைக் கழற்றி பிரஷ் போட வேண்டும்.

முன்பு டெய்லர் கத்தரியை எடுத்து நூலை வெட்டி, பீஸைத் திருப்பிப் பார்த்துவிட்டு அடுக்குவார். தன் தையலைத் தானே சோதிப்பதும், கழுத்து நிமிர்வதும் அந்த நொடியில்தான். இப்போது கண் ஊசியை விட்டு நகர வேண்டியதே இல்லை. பீஸுக்கு 2 விநாடி மிச்சம் என்றால் 1,000 பீஸுக்கு அரை மணி நேரத்துக்கு மேல். அதில் ஐந்து நிமிடம்கூட டெய்லருக்கு ஓய்வாகக் கிடைக்காமல், அத்தனையும் டார்கெட்டில் ஏற்றப்படுவது பெரிய அநியாயம். நாள் முழுக்க லேபிள் மட்டும் வைப்பவர் முடிந்த டீ-ஷர்ட்டைக் கையில் எடுத்துப் பார்ப்பதே இல்லை. மெஷின் பேனலில் ஓடும் பீஸ் எண்ணிக்கைதான் அவர் கண்ணில் படும் வேலை.

மதியத்துக்கு மேல் லேபிள் கோணலாக வரத் தொடங்கினால், மெக்கானிக்கைக் கூப்பிடுமுன் ஆளை மாற்றிப் பாருங்கள். லேபிள், பட்டி, டேப் மூன்றும் ஒரே வகை மெஷின். 2 மணி நேரத்துக்கு ஒருமுறை மூவரும் இடம் மாறி உட்காரலாம். பீஸ் கணக்கில் கூலி தரும் பீஸ் ரேட் கம்பெனியில் மூன்று வேலைக்கும் சேர்த்து ஒரே ரேட் பேசி, சமமாகப் பிரிக்க வேண்டும். மெஷின் வந்ததைச் சொல்லி ரேட்டைக் குறைத்தால் டெய்லர்கள் இதற்கு ஒத்துக்கொள்ள மாட்டார்கள்.