பின்வரிசைக் குரல்களின் படம்: ‘ட்வென்டி ஃபீட் ஃப்ரம் ஸ்டார்டம்’

சினிமா, இசை உலகம் பற்றிய ஆவணப்படங்களை நான் தேடித் தேடிப் பார்ப்பதற்குக் காரணம் நட்சத்திரங்கள் இல்லை. ஒரு பாட்டு எப்படி உருவாகிறது, அதில் யார் யார் உழைப்பு கலந்திருக்கிறது என்று தெரிந்துகொள்ளும் ஆசைதான். மார்கன் நெவில் இயக்கி 2013இல் வந்த இந்தப் படம் அந்த ஆசையை முழுதாகத் தீர்த்துவைத்தது. பெரிய பாடகர்களுக்குப் பின்னால் நின்று கோரஸ் பாடியவர்கள்தான் இதில் நாயகிகள். நானும் கோரஸ் பாடுகிறவள் என்பதால் படம் இன்னும் நெருக்கமாகிவிட்டது.

ஒரு காட்சிக்காகவே இதைப் பார்க்கலாம். 1969இல் ரோலிங் ஸ்டோன்ஸ் என்ற பிரிட்டிஷ் ராக் குழுவின் ‘கிம்மி ஷெல்டர்’ பாட்டுக்காக கோரஸ் பாடகி மெர்ரி கிளேட்டனை ராத்திரி படுக்கப் போகும் நேரத்தில் அழைக்கிறார்கள். அவர் அப்போது கர்ப்பிணி. தலையில் முடி சுருட்டும் கர்லரோடு அப்படியே ஸ்டுடியோவுக்குப் போகிறார். வாத்தியங்களை எல்லாம் எடுத்துவிட்டு அவர் குரலை மட்டும் படத்தில் ஒலிக்கவிடுகிறார்கள். உச்சத்தில் குரல் உடைகிறது. அவர் விடவில்லை, அதே வேகத்தில் மேலும் ஏறுகிறார். எத்தனையோ தடவை கேட்ட பாட்டுதான், ஆனாலும் எனக்கு உடம்பு சிலிர்த்துவிட்டது.

டார்லீன் லவ் கதை கோபத்தைக் கிளப்பும். 1962இல் ‘ஹீ இஸ் எ ரெபல்’ பாடியது அவர். தயாரிப்பாளர் ஃபில் ஸ்பெக்டர் இசைத்தட்டில் போட்ட பெயரோ ‘தி கிரிஸ்டல்ஸ்’ என்ற வேறொரு பெண்கள் குழுவினுடையது. பிற்பாடு பிழைப்புக்காக வீடுகளைச் சுத்தம் செய்துகொண்டிருந்தபோது ரேடியோவில் தன் பாட்டையே கேட்டுத்தான் மறுபடி பாட வந்தார். 2011இல், ராக் இசைக் கலைஞர்களைக் கௌரவிக்கும் ராக் அண்ட் ரோல் ஹால் ஆஃப் ஃபேமில் இடம் கிடைத்தது.

லிசா ஃபிஷர் வேறு ரகம். கிராமி இசை விருது வாங்கிய பிறகும் தனி நட்சத்திரமாவதைத் துரத்தவில்லை. அவரைப் பார்த்து ‘பாவம்’ என்று சொல்லாததுதான் இயக்குநரின் பக்குவம்.

குறையும் உண்டு. சம்பளம், ராயல்டி, ஒப்பந்தம் பற்றி இன்னும் விவரமாகப் பேசியிருக்கலாம். அநியாயத்தின் வேர் அங்கேதான் இருக்கிறது. இன்னொரு கோரஸ் பாடகி ஜூடித் ஹில் பற்றிய பகுதி அவசரமாக முடிந்துவிடுகிறது. ஆஸ்கர் வாங்கிய படம் என்பதற்காக இதையெல்லாம் சொல்லாமல் விட முடியாது.

ஒன்றரை மணி நேரப் படம். பார்ப்பதென்றால் நல்ல ஹெட்போனில் பாருங்கள். போன் ஸ்பீக்கரில் அந்தக் குரல் உடைவது சரியாகக் காதில் விழாது.