பாத்தா நெக்ராவின் 'புளூஸ் தே லா ஃப்ரொந்தேரா': பன்னிரண்டு எண்ணத் தெரிந்தவர்களுக்கு

அமெரிக்கக் கறுப்பர்களின் இசையான புளூஸை ஸ்பெயின்காரர்களும் வாசித்திருக்கிறார்கள் என்று சொன்னதும் எங்கள் பேண்டில் ஓகன் வாசிக்கிற தம்பி சிரித்துவிட்டான். "அங்க மாட்டுச் சண்டைதானே அண்ணே, புளூஸ் எப்ப போச்சு?" இலங்கை மலையகத்தில் ஹட்டன், தலவாக்கலைப் பக்கம் கல்யாண வீடுகளில் லீட் கிட்டார் வாசிக்கிறவன் என்ற முறையில் அவனுக்கு நான் கொடுத்த பதில், 1987இல் வந்த இந்த ஆல்பம்தான்.

பாத்தா நெக்ரா என்பது செவீயா நகரத்து அண்ணன் தம்பி இருவர் நடத்திய குழு. ரைமுந்தோ அமாதோர், ரஃபாயேல் அமாதோர். ஜிப்சிக் குடும்பம். நகரத்தின் ஓரத்தில் 'மூவாயிரம் வீடுகள்' என்று பெயர் வைத்த ஏழைக் குடியிருப்பில் வளர்ந்தவர்கள். நம்ம பக்கம் எந்தத் தோட்டம், எந்த டிவிஷன் என்று கேட்டு ஆளை எடை போடுகிற மாதிரி, அங்கேயும் அந்தப் பெயரைச் சொன்னால் ஒரு பார்வை விழும்.

இருவரும் திடீரென்று முளைத்தவர்கள் அல்ல. 1977இல் பாடகர் கீகோ வெனேனோவோடு சேர்ந்து 'வெனேனோ' என்ற ஆல்பம் போட்டார்கள். அன்றைக்கு வாங்க ஆளில்லை, இன்றைக்குத் தலையில் வைத்துக் கொண்டாடுகிறார்கள். 1979இல், தெற்கு ஸ்பெயினின் பாட்டும் கிட்டாரும் கைத்தட்டும் சேர்ந்த ஃபிளமெங்கோ இசையின் பெரிய குரலான கமரோனின் 'லா லெயெந்தா தெல் தியெம்போ' ஆல்பத்தில் ரைமுந்தோ கிட்டார் வாசித்தார். எலக்ட்ரிக் கருவிகளைக் கேட்ட பழைய ரசிகர்கள் கொதித்துப் போனார்கள். இந்த ஆல்பங்களைத் தயாரித்தவர் ரிக்கார்தோ பச்சோன். 1987 ஆல்பமும் அவர் கைவேலைதான்.

சரி, பாட்டுக்கு வருவோம். புளூஸின் ஒரு சுற்று பன்னிரண்டு பார் (பார் என்றால் பெரும்பாலும் நாலு தட்டு) என்பது கிட்டார் பிடித்த எவருக்கும் தெரியும். ஈ, ஏ, பி என்று மூன்று கோட்ஸ் (சேர்த்து வாசிக்கிற சுரக் கூட்டு) இருந்தால் ராத்திரி முழுக்க ஓட்டலாம். ஃபிளமெங்கோவில் புலேரியா என்கிற தாள வகையும் பன்னிரண்டுதான், ஆனால் அது பன்னிரண்டு தட்டு. அழுத்தம் 12, 3, 6, 8, 10இல் விழும். மேசையில் தட்டிப் பாருங்கள்: முதலில் மூன்று மூன்றாக நிதானமாகப் போகும், ஆறைத் தாண்டியதும் இரண்டிரண்டாக நெருக்கிக்கொண்டு ஓடும். கோட்ஸ் பெரும்பாலும் ஏயிலிருந்து பி ஃபிளாட்டுக்குப் போய் மறுபடி ஏயில் வந்து விழும். இந்த ஆல்பத்தில் எலக்ட்ரிக் கிட்டார் புளூஸ்காரன் மாதிரியே சுரத்தை இழுத்து வளைக்கிறது. அதன் அடியில் கைத்தட்டு தன் கணக்கை விடுவதே இல்லை. ஒன்றை முடித்துவிட்டு இன்னொன்றுக்குத் தாவுகிற வேலை இங்கே கிடையாது.

எனக்கு வியப்பு என்னவென்றால், எங்கள் குழுவில் இதை முதலில் பிடித்தது ராக் வாசிக்கிற டிரம்ஸ்காரன் இல்லை, பைலா என்கிற நம்ம ஊர் ஆட்டப் பாட்டுக்குக் கொங்கா தட்டுகிறவர். அவருடைய கை ஆறு ஆறாகப் போய்ப் பழகியது; பன்னிரண்டு அவருக்கு இரண்டு ஆறு. போர்த்துக்கீசர் காலத்தில் இங்கே இறங்கிய சரக்கு எங்கோ ஒட்டிக்கொண்டிருக்கிறது போல. அப்புறம் அவர்தான் மற்றவர்களுக்குத் தட்டிக் காட்டினார்.

குறை இல்லாமல் இல்லை. டிரம்ஸ் சத்தத்தில் எண்பதுகளின் வாடை அடிக்கிறது. ரஃபாயேலின் கரகரக் குரல் எல்லோருக்கும் ஒத்துவராது, என் வீட்டுக்காரி சமையலறையிலிருந்தே "சளி பிடிச்சவரா?" என்று கேட்டாள். எனக்கென்னவோ அந்தக் குரல் இல்லாவிட்டால் இது வெறும் கிட்டார் வித்தையாகப் போயிருக்கும்.

பின்னால் ரைமுந்தோ தனியாகப் போனார். 1995இல் வந்த 'ஹெருந்தினா' ஆல்பத்துக்கு அவருடைய கிட்டாரின் பெயரையே வைத்தார். அமெரிக்க புளூஸ் கிட்டார்க்காரர் பி.பி. கிங் தன் கிட்டாரை லூசில் என்று அழைத்தது தெரிந்ததுதானே. அந்தக் கிங்கே இதில் வந்து வாசித்திருக்கிறார். மிசிசிப்பியில் பருத்தி பறித்து வளர்ந்த மனுஷன். பருத்திக்காடும் தேயிலைக்காடும் ஒன்று என்று நம்ம மேடைகளில் முழங்குவதற்கு வசதியான பெயர், ஆனால் அவர் அந்த வாசிப்பில் எத்தனை இடத்தில் கையைக் கட்டிக்கொண்டு சும்மா விடுகிறார் என்பதைக் கேட்டால் அதைவிட அதிகம் கிடைக்கும். பெரிய பெயர் இருந்தாலும் என் ஓட்டு 1987க்குத்தான். 'ஹெருந்தினா' நன்றாகத் தேய்த்து மினுக்கியது. பழையதில் இருந்த முரட்டுத்தனம் குறைந்துபோனது.

புதிதாகக் கேட்பவர்கள் 'பாஸா லா வீதா'வில் ஆரம்பியுங்கள், அது மெதுவாக உள்ளே இழுக்கும். தலைப்புப் பாட்டை அதற்குப் பிறகு போடுங்கள். போன் ஸ்பீக்கரில் வேண்டாம், கைத்தட்டு எல்லாம் தகரச் சத்தமாகிவிடும். சாதாரண இயர்போன் போதும். நோட்டன் பக்கம் பஸ்ஸில் போகிறவர்கள் ஹட்டனிலேயே டவுன்லோட் செய்துகொள்ளுங்கள். வளைவுக்கு வளைவு சிக்னல் அறுந்தால் எட்டுக்கும் பத்துக்கும் நடுவில் கணக்கு தப்பிவிடும்.