நாற்காலி காலியாகக் கிடந்த எட்டு வருடம்: அமெரிக்க நீதிபதிகள் விவரத் தொகுப்பு

வழக்கு எந்த நீதிபதிக்குப் போயிருக்கிறது என்று தெரிந்த அடுத்த நிமிடம் நான் திறப்பது ஃபெடரல் ஜூடிஷியல் சென்டரின் (அமெரிக்க மத்திய நீதித்துறையின் ஆய்வு, பயிற்சி அமைப்பு) தளத்தைத்தான். அமெரிக்காவில் ஒரு வக்கீல் அலுவலகத்தில் கோப்பு வேலை பார்க்கிறேன். 1789 முதல் ஆயுள்காலப் பதவியில் அமர்ந்த ஃபெடரல் நீதிபதிகள் அத்தனை பேருக்கும் அங்கே ஒரு பக்கம் உண்டு. காசு கிடையாது.

பிறந்த ஊர், படிப்பு, முன்பு பார்த்த வேலை எல்லாம் இருக்கும். எந்த அதிபர் என்றைக்குப் பரிந்துரைத்தார், செனட் என்றைக்கு ஒப்புக்கொண்டது, அது யார் காலி செய்த இடம் என்பதும் இருக்கும். எனக்கு முக்கியம் அந்தக் கடைசி விவரம். அதைப் பிடித்துக்கொண்டே போனால் ஒரு நாற்காலியின் கதை முழுக்கக் கிடைத்துவிடும்.

இன்றைய தலைமை நீதிபதி ஜான் ராபர்ட்ஸையே எடுத்துக்கொள்ளுங்கள். 1992இல் வாஷிங்டன் டி.சி. மேல்முறையீட்டு நீதிமன்றத்துக்கு அப்பா புஷ் அவர் பெயரை அனுப்பினார். செனட்டில் வாக்கெடுப்பே நடக்கவில்லை. 2001இல் மகன் புஷ் திரும்ப அனுப்பினார், அப்போதும் இல்லை. 37 வயதில் போன பெயருக்கு 2003இல், 48 வயதில்தான் ஒப்புதல் வந்தது.

2005இல் அவர் உச்ச நீதிமன்றத்துக்குப் போக, மேல்முறையீட்டு நீதிமன்றத்தில் அவர் விட்ட இடத்துக்கு அடுத்து வந்தவர் பட்ரீஷியா மில்லட். ஒப்புதல் தேதி 2013 டிசம்பர் 10. எட்டு வருடம்! முதல் தடவை பார்த்தபோது தேதியைத் தப்பாகப் படித்துவிட்டேனோ என்று நினைத்தேன்.

நடுவில் இரண்டு பேரைப் பரிந்துரைத்தார்கள். 2006இல் பீட்டர் கீஸ்லர். வாக்கெடுப்பு வரவே இல்லை. 2010இல் கெய்ட்லின் ஹாலிகன். விவாதத்தை முடித்து வாக்கெடுப்புக்குப் போகத் தேவையான 60 ஓட்டு இரண்டு முறையும் சேரவில்லை, விலகிக்கொண்டார். 2013 நவம்பரில் செனட் அந்த விதியை மாற்றிச் சாதாரணப் பெரும்பான்மை போதும் என்று ஆக்கிய பிறகுதான் மில்லட்டுக்கு வழி பிறந்தது.

கீஸ்லருக்கும் ஹாலிகனுக்கும் இந்தத் தொகுப்பில் பக்கம் கிடையாது. அவர்கள் ஃபெடரல் நீதிபதி ஆகவில்லை, தொகுப்பின் வரையறை அப்படி. ஆனாலும் எனக்கு மனசு ஒப்பவில்லை. வருடக்கணக்கில் பெயரைக் கொடுத்துவிட்டுக் காத்திருந்தவர்கள் இல்லாமல் அந்த எட்டு வருடம் வெறும் இடைவெளியாகத்தான் தெரிகிறது. அவர்களைத் தேட அமெரிக்க நாடாளுமன்றமான காங்கிரஸின் தளத்துக்குப் போக வேண்டும். இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் திறந்து வைத்துக்கொள்ளுங்கள்.

மொத்த விவரத்தையும் அட்டவணைக் கோப்பாக இறக்கிக்கொள்ளலாம், ஆய்வு செய்பவர்களுக்குப் பெரிய வரம். ஒரே ஒரு எச்சரிக்கை. பதவி கிடைத்த பரிந்துரையின் தேதிதான் முதலில் கண்ணில் படும். 'பிற பரிந்துரைகள்' என்று தனியாக இருப்பதைப் பார்க்காமல் ஒப்புதல் தேதியிலிருந்து அதைக் கழித்தால் ராபர்ட்ஸ் காத்திருந்தது நாலே மாதம் என்று கணக்கு வரும்.